அடைப்புக்குறிக்குள் ஒரு மர்ம ஒலி: மாயக்கதை எழுதும் நண்பர்களுக்கு ஒரு திறந்த மடல்

மாய உலகங்களைக் கட்டி எழுதும் தமிழ் எழுத்தாள நண்பர்களுக்கு,

வணக்கம். ஒலிக்கதைகளுக்கு எஃபெக்ட் சேர்த்து, மிக்ஸ் செய்து கொடுப்பது என் வேலை. நீங்கள் எழுதும் ராஜ்ஜியங்கள், ஏழு கடல் தாண்டிய தீவுகள், பேசும் மலைகள் எல்லாம் கடைசியில் என் மேசைக்குத்தான் வந்து சேர்கின்றன. வசனம் உங்களுடையது, குரல் நடிகர்களுடையது. நடுவில் இருக்கும் காற்று, கதவு, குதிரை, மழை எல்லாம் என் பாடு. பிடித்துத்தான் செய்கிறேன். ஆனால் ஒரே ஒரு வரி மட்டும் பல வருடமாக என்னைப் படுத்திக்கொண்டிருக்கிறது. அந்த வரி இதுதான்:

(திடீரென்று ஒரு மர்மமான ஒலி எழுகிறது.)

அடைப்புக்குறிக்குள் அவ்வளவுதான் இருக்கும். அடுத்த வரியில் தளபதி "என்ன அது?" என்பார். ராஜகுரு கண்ணை மூடிக்கொண்டு "ஆரம்பமாகிவிட்டது" என்பார். எது ஆரம்பமானது என்று அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

கடைசியாக வந்த கதை ஒரு தீவு ராஜ்ஜியத்தைப் பற்றியது. ஆயிரம் ஆண்டுக்கு ஒருமுறை மலையடியிலிருந்து 'ஆதி ஒலி' எழுமாம். எழுதிய தம்பிக்குப் போன் போட்டேன். எப்படி இருக்கும் என்று கேட்டேன். "பயங்கரமா இருக்கணும் சார், ஆனா தெய்விகமாவும் இருக்கணும்." மேலேயிருந்து வருகிறதா, கீழேயிருந்தா? "எல்லாப் பக்கத்திலேர்ந்தும்." எவ்வளவு நேரம்? "நீங்க பாத்துப் போடுங்க சார்." சரி, பாத்துப் போட்டேன். எங்கள் வீட்டு கிரைண்டரில் உளுந்து ஓடிக்கொண்டிருந்தபோது பதிவு செய்து, நாலு மடங்கு மெதுவாக்கி, அடியில் ஒரு சங்கொலியைப் பின்னோக்கி ஓடவிட்டு, ரிவெர்ப் என்ற எதிரொலியைக் கூட்டி அனுப்பினேன். "சூப்பர் சார், இதுதான் நான் நினைச்சது" என்று பதில் வந்தது. அவர் எதையுமே நினைத்திருக்கவில்லை என்பது எனக்கு அப்போதுதான் உறுதியானது.

ஒலியை இன்னும் நீளமாக வருணித்து எழுதுங்கள் என்று கேட்க வரவில்லை. 'ஆயிரம் இடிகள் ஒன்றாய் முழங்கியது போல, அதே சமயம் ஒரு தாயின் தாலாட்டுப் போல' என்று அரைப்பக்கம் எழுதி அனுப்புபவர்களும் இருக்கிறார்கள். அதை வைத்துக்கொண்டு என்னால் ஒரு நொடிகூட மிக்ஸ் செய்ய முடியாது. எனக்கு வேண்டியது வேறு. அந்த ஊர்க்காரர்கள் அந்தச் சத்தத்தை வைத்துக்கொண்டு என்ன செய்கிறார்கள் என்பதைச் சொல்லுங்கள். சத்தத்தை நான் கண்டுபிடித்துக்கொள்கிறேன்.

நிஜ உலகத்திலிருந்தே சொல்கிறேன். மட்டக்களப்பை 'மீன் பாடும் தேன்நாடு' என்பார்கள். ஊரைச் சுற்றிக் கடலேரி கிடக்கிறது. அதன் மேல் 1924-இல் கட்டிய கல்லடிப் பாலம். அந்தப் பாலத்தை ஒட்டிய நீருக்கடியிலிருந்து ஒரு பாட்டுக் கேட்கும் என்பது ஊரார் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருவது. பகலில் கேட்காது. நிலா வெளிச்ச இரவில், அதிலும் பௌர்ணமியை ஒட்டி, தண்ணீர் அசையாமல் இருக்கும்போதுதான். கேட்பதற்கு ஒரு முறை வைத்திருக்கிறார்கள். தோணியில் போய், துடுப்பின் ஒரு முனையைத் தண்ணீருக்குள் விட்டு, மறுமுனையில் காதை வைக்க வேண்டும்.

இலங்கையில் ஆங்கில அரசின் செயலாளராக இருந்த ஜேம்ஸ் எமர்சன் டென்னன்ட் 1848-இல் அங்கே போய்க் கேட்டிருக்கிறார். ஈர விரலால் கண்ணாடிக் கோப்பையின் விளிம்பைத் தேய்த்தால் வருமே, அந்த மாதிரி மெல்லிய அதிர்வு என்று எழுதி வைத்தார். ஒரே நீண்ட ஸ்வரமாக இல்லாமல், எண்ணற்ற சின்னச் சின்ன ஒலிகள், ஒவ்வொன்றும் தனித்தனியே தெளிவாகக் கேட்டதாம். படகின் மரத்தில் காதை வைத்தால் இன்னும் கூடியதாம். எது பாடுகிறது என்று மீனவர்களைக் கேட்டபோது, ஊரிதான் அழுகிறது என்றார்கள். ஊரி என்றால் சிப்பி, நத்தை வகை. ஆக, மீன் என்று ஊர்ப்பெயர் சொல்கிறது, ஊரி என்று வலை போட்டவர்கள் சொன்னார்கள். 1950-களில் ஒரு கத்தோலிக்கப் பாதிரியார் அந்த ஒலியைப் பதிவு செய்தார், அது இலங்கை வானொலியிலும் ஒலிபரப்பானது. பாடுவது எது என்பது மட்டும் இன்னும் முடிவாகவில்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது மீனும் இல்லை, நிலாவும் இல்லை. அந்தத் துடுப்பு. தோணி தள்ளுகிற சாமானைத் திருப்பிப் பிடித்துக் காதில் வைத்துப் பார்க்க வேண்டும் என்று என்றோ ஒருவனுக்குத் தோன்றியிருக்கிறது. அவன் மகனுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறான். வெளியூரிலிருந்து வந்தவனுக்கு, "மூச்சை அடக்கிக்கொண்டு கேள்" என்று யாரோ சொல்லியிருப்பார்கள். அந்த ஈரக் கட்டை கன்னத்தில் படும் குளிர்ச்சி, தோணி லேசாகச் சாயும்போது வயிற்றில் வரும் பயம், பக்கத்தில் இருப்பவன் "கேக்குதா, கேக்குதா" என்று கேட்டுக் கேட்டே கேட்கவிடாமல் செய்வது. இவ்வளவு இருந்தால் ஒலி தானாக வந்துவிடும். கேட்கவில்லை என்றாலும் கதை நிற்கும். பாதிப் பேர் கேட்காமலேயே கேட்டதாகச் சொல்லிவிட்டுக் கரைக்கு வருவார்கள், அதுவும் கதைதான்.

உங்கள் ஆதி ஒலிக்கு ஒரு துடுப்பு உண்டா? அதுதான் என் முதல் கேள்வி.

எகிப்தில் நைல் நதியின் மேற்குக் கரையில், லக்ஸர் நகருக்கு எதிரே இரண்டு பெரிய கற்சிலைகள் உட்கார்ந்திருக்கின்றன. மூன்றாம் அமென்ஹோடெப் என்ற அரசனுடையவை. கி.மு. 27-ஐ ஒட்டி வந்த நிலநடுக்கத்தில் வடக்குச் சிலை இடிந்து விரிசல் விட்டது. அதற்குப் பிறகு, விடியற்காலையில் அந்தச் சிலை ஓசை எழுப்ப ஆரம்பித்தது. யாழ் நரம்பு அறுந்தது போல என்று ஒரு கிரேக்கப் பயணி எழுதினார். கிரேக்கர்கள் தங்கள் புராணத்து மெம்னோனை அந்தச் சிலையில் ஏற்றி, விடியல் தேவதையான தன் தாயைப் பார்த்து அவன் விளிக்கிறான் என்றார்கள். இரவுக் குளிரில் விரிசலுக்குள் இறங்கிய ஈரம் வெயில் பட்டதும் கல்லுக்குள் செய்த வேலை அது என்று பிற்காலத்தார் நினைக்கிறார்கள்.

அந்தச் சிலையின் காலில் போய்ப் பார்த்தால் நூற்றுக்கு மேல் கல்வெட்டுகள். எல்லாம் வந்தவர்கள் வெட்டியவை. நம் ஊர்க் கோட்டைச் சுவரில் காதலர் பெயர் வெட்டுவது போலத்தான், ஆனால் விஷயம் வேறு: "நான் கேட்டேன்." தேதி, பதவி, கூட வந்த மனைவி, எத்தனை தடவை கேட்டது என்பதெல்லாம்கூட உண்டு. ரோமப் பேரரசன் ஹட்ரியன் கி.பி. 130-இல் வந்தான். கூட வந்த ஜூலியா பல்பில்லா என்ற பெண் கவிஞர் காலில் கவிதையே வெட்டி வைத்திருக்கிறார். முதல் நாள் சிலை வாயைத் திறக்கவில்லையாம், பேரரசனையே மறுநாள் வரவைத்துவிட்டது. பிற்பாடு, கி.பி. 200 வாக்கில், செப்டிமியஸ் செவரஸ் காலத்தில் சிலையைச் செப்பனிட்டார்கள் என்று சொல்லப்படுகிறது. அதோடு பாட்டு நின்றுபோனது. மரியாதை செய்கிறேன் பேர்வழி என்று ஊமையாக்கிவிட்டார்கள்.

உங்கள் ராஜ்ஜியத்தில் ஒலி எழுவதை மட்டும் எழுதுகிறீர்கள். அது நின்றுபோன மறுநாள் காலை அந்த ஊர் எப்படி இருந்தது என்று ஒருவரும் எழுதி நான் பார்க்கவில்லை. வழக்கம்போல விடியலுக்கு முன்பே வந்து காத்திருந்தவன் என்ன செய்திருப்பான்? வழிகாட்டியும் தின்பண்டக்காரனும் எத்தனை நாள் "நாளைக்குப் பாடும்" என்று சொல்லிப் பிழைப்பை ஓட்டியிருப்பார்கள்?

இதற்கு நடுவில் ஒரு சின்னப் புகார். உங்களில் பலர் மாய ஒலி என்றதும் நேராக வெளிநாட்டுக் கதைகளின் கொம்புகளையும் சாபப் பாட்டுகளையும் எடுத்துக்கொள்கிறீர்கள். எடுங்கள், தப்பில்லை. ஆனால் ஒலிக்கென்று சட்டதிட்டமே வைத்திருந்த ஒரு கற்பனை உலகம் நம் வீட்டுப் பரணில் கிடக்கிறதே! சங்கப் பாட்டின் திணை உலகத்தைச் சொல்கிறேன். அங்கே நிலத்துக்கு நிலம் யாழும் பண்ணும் பறையும் வேறு. குறிஞ்சிக்குத் தொண்டகப் பறை, நெய்தலுக்கு மீன்கோட்பறை, பாலைக்குத் துடி. தினைப்புனத்தில் ஒரு பெண் குறிஞ்சிப் பண் பாடுகிறாள். கதிரைத் தின்ன வந்த யானை, தின்னவும் இல்லாமல் போகவும் இல்லாமல் நின்ற இடத்திலேயே தூங்கிப் போகிறது. பாலை வழியில் கொள்ளையடிப்பவர்கள் யாழில் பாலைப் பண்ணைக் கேட்டதும் ஆயுதத்தைக் கீழே போட்டுவிடுகிறார்கள். எந்த ஒலி, எந்த நிலத்தில், யாரை என்ன செய்யும் என்று இதைவிடச் சுருக்கமாக எழுத முடியுமா?

அப்புறம் அசுணம். மலைக்குகையில் வாழும் ஒரு கற்பனை உயிர். இசை என்றால் அதற்கு உயிர். யானையின் மதநீரில் மொய்க்கும் வண்டுச் சத்தத்தைக்கூட யாழ் என்று நினைத்து, குகைக்குள்ளிருந்து காது கொடுத்துக் கேட்கும். அதைப் பிடிக்கிறவர்கள் ஒளிந்திருந்து யாழ் வாசிப்பார்களாம். மயங்கி வெளியே வந்ததும் சட்டென்று பறையை அடிப்பார்கள். அந்த ஓசை தாங்காமல் அது உயிரை விட்டுவிடும். நற்றிணையில் ஒருத்தி தன் காதலனின் மார்பை அசுணத்தைக் கொல்பவர்களின் கைக்கு ஒப்பிடுகிறாள். சேர்ந்திருக்கும்போது இன்பம், பிரிந்தால் துன்பம், இரண்டையும் தருவது ஒன்றே. அசுணம் எப்படி இருக்கும், எத்தனை கால் என்று அவள் சொல்லவே இல்லை. அதன் காது எப்படிப்பட்டது என்பது மட்டும் நமக்குத் தெரியும். அது போதுமாக இருக்கிறது.

விளக்கம் சொல்லலாமா கூடாதா என்று சிலர் என்னிடம் கேட்பதுண்டு. சொல்லிவிட்டால் மாயம் போய்விடும் என்ற பயம். எனக்கு அந்தப் பயம் இல்லை. கங்கை கடலில் சேரும் இடத்தில், இன்றைய வங்கதேசத்தில் இருக்கும் பரிசால் என்ற ஊர்ப் பக்கத்தில் பத்தொன்பதாம் நூற்றாண்டில் தூரத்து பீரங்கி போல 'தொம் தொம்' என்று சத்தம் கேட்பதாகப் பலர் எழுதி வைத்தார்கள். 'பரிசால் பீரங்கி' என்றே அதற்குப் பெயர். உறுதியான விடை வரவில்லை. மாறாக, 1997-இல் பசிபிக் கடலடி மைக்குகளில் பதிவான 'புளூப்' என்ற பெரும் ஒலிக்கு விடை கிடைத்துவிட்டது: பனிப்பாறை உடைந்த சத்தம். கடலுக்கடியில் ராட்சதப் பிராணி இருக்கிறது என்று கதை கட்டியவர்களுக்கு ஏமாற்றம். எனக்கென்னவோ ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி ஒரு பனிமலை முறிவது கேட்கிறது என்பது ராட்சதனைவிடப் பெரிதாகப் படுகிறது. பாலைவன மணல் பாடுவதும் அப்படித்தான். மொராக்கோ மணல்மேடு ஒன்று சரியும்போது 105 ஹெர்ட்ஸில், அதாவது நொடிக்கு 105 அதிர்வாக, முழங்குகிறது, ஓமானில் ஒன்று 90-க்கும் 150-க்கும் நடுவில் பல ஸ்வரமாகக் குழறுகிறது. அந்த ஓமான் மணலைச் சல்லடையில் சலித்து ஒரே அளவுப் பரலாக எடுத்துச் சரியவிட்டால் அதுவும் ஒரே ஸ்வரத்துக்கு வந்துவிடுகிறது. சலித்தால் சுருதி சேரும் மண்! மந்திரவாதி எதற்கு?

ஒரே ஒரு விஞ்ஞானக் கதையை மட்டும் முழுதாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அதில் காதே இல்லை. இங்கிலாந்தின் கவென்ட்ரி நகரத்தைச் சேர்ந்த விக் டாண்டி என்ற பொறியாளர் ஓர் ஆய்வகத்தில் இரவில் தனியாக வேலை செய்துகொண்டிருந்தார். காரணமில்லாமல் வேர்த்தது, உடம்பு சில்லிட்டது. ஓரக்கண்ணில் சாம்பல் நிறமாக ஏதோ உட்கார்ந்திருந்தது. திரும்பினால் இல்லை. மறுநாள் அவர் வாள்வீச்சுப் போட்டிக்குத் தன் வாளைச் சரி செய்ய எடுத்து வந்து, பட்டறை இடுக்கியில் மாட்டினார். யாரும் தொடாமல் வாளின் அலகு தானாக நடுங்கியது. பயந்து ஓடாமல் அவர் அளந்து பார்த்தார். புதிதாகப் போட்ட காற்றாடி ஒன்று அறைக்குள் 19 ஹெர்ட்ஸ் அளவில், நகராமல் ஒரே இடத்தில் நின்று அதிரும் ஒலியலை ஒன்றை உண்டாக்கியிருந்தது. மனிதக் காதுக்கு எட்டும் கீழெல்லை 20 என்பார்கள். காற்றாடியைச் சரிசெய்ததும் பேயும் போய்விட்டது. 1998-இல் இதைக் கட்டுரையாக வெளியிட்டார். எல்லாப் பேய்க்கும் இதுதான் காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு மர்ம ஒலியை அதன் சத்தமே இல்லாமல், நடுங்கும் ஒரு வாளை வைத்து எழுதிக் காட்ட முடியும் என்பதைப் பாருங்கள்.

சும்மா குறை சொல்லிக்கொண்டிருந்தால் போதாது என்பதால், நானே ஓர் ஊரை யோசித்து வைத்திருக்கிறேன். எழுத்து எனக்கு வராது, அதனால் எலும்புக்கூட்டை மட்டும் தருகிறேன். வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம், பெயரும் நீங்களே வையுங்கள்.

கடலோரத்தில் ஓர் உப்பள ஊர். விடிவதற்குச் சற்று முன்பு, தினமும், நிலம் ஒருமுறை முனகும். பாத்திகளில் தேங்கிய நீர் சிலிர்த்து அடங்கும். சிலிர்ப்பை எல்லாரும் பார்க்கலாம். முனகல் மட்டும் அந்த ஊர் உப்பைத் தின்றவர்களுக்குத்தான் கேட்கும். கைக்குழந்தைக்குக் கேட்காது. முதன்முதலாக உப்புப் போட்ட சோறு ஊட்டிய சில நாளில், ஒரு விடியலில் குழந்தை திடுக்கிட்டு முழிக்கும். அன்றைக்குத் தெருவுக்கே பாயசம். சாவு விழுந்த வீட்டில் துக்கம் முடியும்வரை உப்பைத் தள்ளி வைப்பார்கள். அத்தனை நாளும் அந்த வீட்டுக்கு மட்டும் நிலம் ஊமை. வரி வாங்க வரும் அரசனின் ஆட்கள் இடுப்பில் சொந்த உப்புப் பையோடு வந்து, வேறு எதையும் தொடாமல் போவார்கள். காரணம் கேட்டால், "உத்தரவு" என்பார்கள். ஊர்ப் பஞ்சாயத்தில் சாட்சி சொல்ல வருபவனிடம் முதல் கேள்வி: "இன்னைக்குக் கேட்டியா?"

அந்த ஊருக்கு வெளியூரிலிருந்து ஒரு மருமகள் வருகிறாள். மாமியார் ஒவ்வொரு காலையும் அவள் முகத்தைப் பார்க்கிறாள். மூன்றாம் மாதம், "கேட்டுது அத்தை" என்கிறாள் மருமகள். வீடு நிம்மதியடைகிறது. பிள்ளைகள் பிறக்கிறார்கள். இருபது வருடம் ஓடுகிறது. ஆனால் அவள் ஒருநாளும் கேட்டதில்லை. அவள் அம்மா மாதாமாதம் ஊறுகாய் ஜாடிக்கு அடியில் மறைத்துத் தன் ஊர் உப்பை அனுப்பிக்கொண்டிருக்கிறாள். மகள் தன் சோற்றில் அதை மட்டுமே போட்டுக்கொள்கிறாள். ஏன் என்று கேட்டால் இரண்டு பேருக்கும் சொல்லத் தெரியாது. விடியலில் கணவனும் பிள்ளைகளும் எழுந்து உட்காரும்போது இவளும் எழுந்து உட்காருவாள். அவ்வளவுதான் அவள் நடிப்பு.

இப்போது என்னைக் கேளுங்கள், அந்தச் சத்தம் எப்படி இருக்கும் என்று. எனக்குத் தெரியும். கீழேயிருந்து வரும், மேலே வராது. காதுக்கு முன்னால் முட்டியில் தெரியும். மூன்று நொடிக்கு மேல் இருக்காது, ஏனென்றால் அதற்கு மேல் இருந்தால் பாயசம் வைத்துக் கொண்டாட மாட்டார்கள், பயப்படுவார்கள். முடியும்போது பாத்தித் தண்ணீரின் சிலிர்ப்பு லேசாகக் கேட்கும். மருமகளின் காட்சிகளுக்கு இதில் ஒன்றையும் போட மாட்டேன். இருட்டில் நாலு பேர் எழுந்து உட்காரும் சத்தம், பாய் நெரிபடும் ஓசை, யாரோ ஒருவர் மூச்சை இழுத்து விடுவது. அது மட்டும்தான் அவளுக்கு.

அப்புறம் ஒருநாள் அவள் அம்மா இறந்துபோகிறாள். துக்கம் முடிந்து உப்புச் சேர்க்கும் நாளில், ஜாடிக்கு அடியில் இருந்த கடைசி உப்பை வழித்துப் போட்டுக்கொள்கிறாள். அது தீர்ந்தபின் வீட்டில் இருப்பதைத்தான் தின்ன வேண்டியிருக்கிறது. எத்தனை நாள் கழித்துக் கேட்டது, கேட்டதும் அவள் என்ன செய்தாள் என்பதை நீங்கள்தான் எழுத வேண்டும். அந்த இடத்தில் நான் ஒலியளவைக் கூட்டிக் குறைக்கும் ஃபேடரைக் கொஞ்சம் இறக்கியே வைத்திருப்பேன்.

இந்த மாதிரி ஒன்றைக் கொடுத்தால் இரண்டு ராத்திரி கூட உட்கார்ந்து வேலை செய்யத் தயார், தனிக் கூலி வேண்டாம். உப்பளத்துக்கே மைக்கை எடுத்துக்கொண்டு போய், பாத்தி வரப்பில் படுத்துப் பதிவு செய்து வருகிறேன். இல்லை, மறுபடியும் அடைப்புக்குறிக்குள் 'மர்மமான ஒலி' என்றுதான் வரும் என்றால் அதற்கும் ஆட்சேபணை இல்லை. எங்கள் வீட்டில் வாரம் இரண்டு தடவை இட்லிக்கு அரைக்கிறார்கள். ஆதி ஒலிக்குப் பஞ்சம் வராது.

இப்படிக்கு,
உங்கள் கதைகளுக்குச் சத்தம் போடுபவன்